கேத்தலில் படியும் வெள்ளையும் சிரட்டைக் கரியும்

கேள்வி: எங்கள் கிணற்றுத் தண்ணீரைக் கொதிக்க வைத்தால் கேத்தலுக்குள் வெள்ளையாகப் படிகிறது. சிரட்டைக் கரியில் வடித்தால் சரியாகிவிடும் என்று பக்கத்து வீட்டு அம்மா சொல்கிறா. செய்து பார்க்கலாமா?
- வாசகி, முழங்காவில்

பதில்: கரியால் அந்த வெள்ளை போகாது. மன்னாரிலிருந்து பூநகரி வரை நிலத்துக்கடியில் கிடப்பது சுண்ணாம்புக்கல். மழைத் தண்ணீர் மண்ணுக்குள் இறங்கும்போது வேர்களும் நுண்ணுயிர்களும் வெளிவிடும் காபனீரொட்சைட்டைக் கரைத்துக்கொண்டு மெல்லிய அமிலமாகி, அந்தக் கல்லை அரித்து, கல்சியம் இருகாபனேற்றாக உங்கள் கிணற்றுக்குக் கொண்டுவருகிறது. கொதிக்க வைத்தால் வாயு வெளியே போய்விடும், மிச்சம் கல்சியம் காபனேற்றாகப் படியும். அது நஞ்சு இல்லை, பயப்படாதீர்கள். தேசிக்காய்ப் புளியோ வினாகிரியோ விட்டு ஊறவைத்தால் நுரைத்துக் கழன்றுவிடும். நுரைப்பது அதே காபனீரொட்சைட்டுத்தான்.

சரி, கரி எதற்கு உதவும்? மணம், நிறம், கிணற்றுக்குப் போட்ட குளோரின், சில பூச்சிமருந்துகள், இவை கரியின் நுண்துளைகளில் ஒட்டிக்கொள்ளும். கரைந்த உப்பும் கல்சியமும் அப்படி ஒட்டாமல் தண்ணீரோடு கடந்து போய்விடும், அதனால் சவரும் மாறாது. அப்புறம், வடிகட்டிகளில் வருவது வெறும் அடுப்புக்கரி இல்லை. சிரட்டைக் கரியை 800 பாகை செல்சியசுக்கு மேல் நீராவியில் மறுபடி சூடாக்குவார்கள், நீராவி காபனைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தின்று உள்ளே எண்ணற்ற துளைகளைத் திறந்துவிடும். ஒரு கிராம் கரிக்குள் ஏறத்தாழ 1000 சதுர மீற்றர் பரப்பு, அதாவது கால் ஏக்கர்! வீட்டில் சுட்ட கரி இதற்குக் கிட்டவும் வராது.

இன்னொன்று, ஈரக்கரியை நாட்கணக்கில் மாற்றாமல் வைத்தால் அதிலேயே கிருமி பெருகும். வடித்தாலும் கொதிக்க வைத்துத்தான் குடிக்க வேண்டும்.

எனக்கு உண்மையில் கவலை கண்ணுக்குத் தெரியாத நைத்திரேற்றைப் பற்றித்தான். கிணற்றுக்குப் பக்கத்தில் உரம் போடும் தோட்டமோ மலசலகூடக் குழியோ இருந்தால் அது கலக்கலாம், கரியும் நீக்காது, கொதிக்க வைத்தாலும் போகாது, தண்ணீர் வற்ற வற்றச் செறிவு கூடத்தான் செய்யும். கைக்குழந்தைக்குப் பால்மா கரைக்கிற வீடு என்றால் இது ஆபத்து. உங்கள் பகுதி பி.எச்.ஐ.யை (பொதுச் சுகாதாரப் பரிசோதகரை) கேட்டு ஒருமுறை தண்ணீரைப் பரிசோதித்துவிடுங்கள், அதுவரை குழந்தைக்கு வேறு நல்ல தண்ணீர் எடுங்கள்.