வீட்டில் செய்யும் மெழுகுவர்த்தியில் காய்ந்த பூ, லவங்கப்பட்டை பதிக்கலாமா? வாசனைக்கு எதைச் சேர்ப்பது?

திரிக்குப் பக்கத்தில் எதையும் பதிக்காதீர்கள். பட்டுத் தெரிந்துகொண்டதால் சொல்கிறேன்.

எனக்கு ஊர் ராமேஸ்வரம் தீவிலுள்ள தங்கச்சிமடம். நவம்பர் 2, கல்லறைத் திருநாளுக்கு வருடாவருடம் வீட்டிலேயே மெழுகுவர்த்தி செய்வோம். ஒரு வருடம் கண்ணாடி டம்ளரில் மெழுகு ஊற்றி, மேலே காய்ந்த ரோஜா இதழும் இரண்டு துண்டு பட்டையும் வைத்தேன். கடற்காற்றில் சுடர் சாய்ந்தது. ஓர் இதழின் ஓரம் கறுத்துச் சுருண்டது, உடனே பற்றிக்கொண்டது. மெழுகை உறிஞ்சிய இதழும் திரிதானே! பட்டையும் சேர்ந்து எரிந்தது. அம்மா தண்ணீர்ச் செம்பைத் தூக்கிவிட்டார்கள். நல்லவேளை, அத்தை தடுத்து, எவர்சில்வர் மூடியைப் போட்டு அணைத்தார்கள். எரியும் மெழுகில் தண்ணீர் ஊற்றினால் தீயோடு தெறிக்கும். அணைந்த பிறகு பார்த்தால் டம்ளரில் மேலிருந்து கீழ்வரை விரிசல்.

அதன்பிறகு நான் சிப்பிக்கு மாறிவிட்டேன். சிப்பி சுண்ணாம்புதான், தீப்பிடிக்காது. குழிவான பெரிய சிப்பியைத் தேய்த்துக் கழுவி, இரண்டு நாள் நல்ல வெயிலில் காயவைத்து, நடுவில் திரி நிறுத்தி மெழுகை ஊற்றுங்கள். ஈரம் இருந்தால் எரியும்போது படபடவென்று வெடிக்கும். மணல் பரப்பிய தட்டில் பதித்து வைத்தால் ஆடாது. ஒன்று மட்டும்: கரையில் ஒதுங்கிய பவளத்துண்டை அழகுக்காக எடுக்காதீர்கள். பவளமும் சில வகைச் சங்குகளும் 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் வருகின்றன. அவை நம் கடலின் உயிர், விட்டுவிடுங்கள்.

பூ வேண்டுமென்றால் தட்டில், சுடரை விட்டுத் தள்ளி வையுங்கள். பனையோலைக் கொட்டானில் மெழுகுவர்த்தியைப் பரிசாகக் கொடுக்கலாம், ஆனால் அதற்குள் வைத்து ஏற்றவே கூடாது.

அப்புறம் வாசனை. பன்னீர் மெழுகோடு சேராது. பட்டைத்தூள் அடியில் தங்கும், திரியையும் அடைக்கும். உடம்பில் அடிக்கும் சென்ட்டில் ஸ்பிரிட் இருப்பதால் அது ஆபத்து. கிராம்பு, எலுமிச்சைப்புல், வெட்டிவேர் எண்ணெய்கள் நல்லவை. 100 கிராம் மெழுகுக்கு 5 கிராம் போதும். கூடினால் மெழுகின் மேல் வியர்த்ததுபோல் கசியும், சுடரும் கொழுந்துவிடும். மெழுகை நேராக அடுப்பில் வைக்காமல், கொதிநீர்ப் பாத்திரத்துக்குள் இன்னொரு பாத்திரம் வைத்து உருக்குங்கள். இறக்கிச் சற்று ஆறியதும் எண்ணெயை விட்டு இரண்டு நிமிடம் கலக்குங்கள்.

ஏற்றும்முன் திரியைக் கால் அங்குலத்துக்கு வெட்டிவிடுங்கள், கரி பிடிக்காது. எங்கள் வீட்டில் கடல் பக்கத்து ஜன்னலைச் சாத்திய பிறகுதான் ஏற்றுகிறோம்.