அந்த டெலிபோனில் ரகசியம் பேச முடியாது

கேள்வி: 1905-ல் அமெரிக்காவின் கன்சாஸ் பக்கம் ஒரு கிராமத்தில் நடக்கிற தொடர்கதை எழுதுகிறேன். நாயகி பத்தொன்பது வயது டீச்சர். ராத்திரியில் யாருக்கும் தெரியாமல் காதலனுக்கு டயல் செய்து பேசுகிறாள். பிறகு பனிப்புயலில் பிள்ளைகளோடு பள்ளிக்கூடத்தில் மாட்டிக்கொண்டு, அங்கிருந்து போன் செய்து தப்பிக்கிறாள். சரியாக வருமா?
- வாசகி, கரூர்

பதில்: அன்புச் சகோதரி, கதை எனக்குப் பிடித்திருக்கிறது. ஆனால் ‘யாருக்கும் தெரியாமல்’ என்பது அங்கே நடக்காத காரியம்.

அந்தக் கிராமத்து போனில் டயல் கிடையாது. சுவரில் மாட்டிய மரப்பெட்டி, பக்கவாட்டில் ஒரு கைப்பிடி. டெலிபோனைக் கண்டுபிடித்த கிரஹாம் பெல்லின் காப்புரிமைகள் 1893, 94-ல் முடிந்ததும் விவசாயிகள் தாங்களே கூடிக் கம்பி இழுத்தார்கள். சில ஊர்களில் வேலி முள்கம்பியிலேயே பேசினார்கள். ஒரே கம்பியில் பல வீடுகள். கைப்பிடியைச் சுற்றி இரண்டு நீளம், ஒரு குட்டை என்று மணி அடித்தால் ஒரு வீடு. ஒரு நீளம், மூன்று குட்டை என்றால் இன்னொரு வீடு. மணி எல்லா வீட்டிலும் கேட்கும். டீச்சரும் பெரும்பாலும் ஏதோ ஒரு விவசாயி வீட்டில்தான் தங்கியிருப்பாள்.

அடுத்தவர்கள் ரிசீவரை எடுக்க எடுக்கப் பேசுகிறவர் குரல் தேய்ந்துகொண்டே போகும். பின்னால் கேட்கிற சுவர்க் கடிகாரச் சத்தத்தை வைத்தே, ஒட்டுக்கேட்பது யார் என்று சொல்லிவிடுவார்கள். இதை விட்டுவிடாதீர்கள். காதலன் “அப்புறம்...” என்று இழுக்கும்போது குரல் சட்டென்று மெலியட்டும், அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டு அந்த டிக் டிக்கைக் கேட்கட்டும். கல்யாணமான பெண்ணுக்குப் பல ஊர்களில் டீச்சர் வேலையே இல்லாத காலம். பேச்சு பள்ளிக் கமிட்டி வரை போனால் அவள் பிழைப்பு போய்விடும்.

சரி, புயலுக்கு வருவோம். ஓரறைப் பள்ளிக்கூடத்தில் போன் இருப்பது அபூர்வம். அதனால் அவள் தங்கியிருக்கும் வீட்டு அம்மாள் அழைக்கட்டும். நிறுத்தாமல் நீளமாக மணி அடித்தால் ஊருக்கே அவசரம், எல்லோரும் எடுப்பார்கள். 1908 ஆகஸ்ட் 27 இரவு நியூ மெக்சிகோவின் ஃபோல்சமில் வெள்ளம் வந்தபோது, ஆபரேட்டர் சாரா ரூக் ஓடிப் பிழைக்காமல் வீடு வீடாக போனில் எச்சரித்தார்; வெள்ளம் அவரையே கொண்டுபோய்விட்டது. இந்தப் பதிலை எழுதும்போது அவர் நினைவாகவே இருக்கிறது.

உங்கள் கதையில் அந்த நீள மணிக்கு முதலில் ரிசீவரை எடுப்பவர், லாந்தரோடு பனியில் முதலில் இறங்குபவர், கமிட்டியிடம் அவளைப் பற்றிக் கோள் சொன்ன அதே கடிகார வீட்டுக்காரராக இருக்கட்டும். அந்த அத்தியாயத்தை எழுதியதும் எனக்கு அனுப்புங்கள்.