மெடிக்கல் கோடிங் மகளுக்குச் சரிவருமா? களுவாஞ்சிகுடித் தாய்க்கு ஒரு பதில்

வணக்கம் அம்மா,

உங்கள் கடிதத்தில் இரண்டு கேள்விகள் இருக்கின்றன. உயர்தரம் உயிரியல் பிரிவில் ஒரு சி, இரண்டு எஸ் எடுத்த மகளை மெடிக்கல் கோடிங் படிக்க விடலாமா, அதற்காக நகையை அடகு வைக்கலாமா என்பது நீங்கள் கேட்டது. மற்றது மகளுடையது. இலவச வகுப்பில், உடம்புக்குள் பொருத்திய செயற்கை மூட்டு பழுதாவதையும் அதன் பின்விளைவையும் கோட் செய்யும் பாடம் வந்ததும் குழம்பிப்போய், "எனக்கு இது ஓடாது" என்று புத்தகத்தை மூடிவிட்டாளாம். அவளுடைய கேள்வியை முதலில் எடுக்கிறேன். அந்தப் பாடம் இந்த வேலை எப்படிப்பட்டது என்பதை நன்றாகவே காட்டிவிடும்.

கோடர் தட்டச்சு செய்பவர் அல்ல, வாசிப்பவர். வைத்தியர் எழுதிய குறிப்பை வாசித்து, நோய்க்கும் சிகிச்சைக்கும் உரிய கோடை, அதாவது எழுத்தும் இலக்கமும் சேர்ந்த குறியீட்டை, தெரிவு செய்வார். அமெரிக்காவில் அதை வைத்துத்தான் காப்புறுதி நிறுவனம் வைத்தியசாலைக்குப் பணம் கொடுக்கிறது. நம் அரச வைத்தியசாலைகளிலும் நோயாளர் வீடு போன பிறகு பெட் ஹெட் டிக்கெட்டைப் (வாட்டில் எழுதும் நோயாளர் குறிப்பு) பார்த்து நோய்க்கு ஐசிடி-10 (உலக சுகாதார நிறுவனத்தின் நோய்க் குறியீட்டுப் பட்டியல்) கோட் போடுகிறார்கள். ஆனால் அது சுகாதார அமைச்சின் புள்ளிவிபரத்துக்கு, பணத்துக்கு அல்ல.

இனி மகள் குழம்பிய இடம். இங்கே நான் சொல்லும் கோட்கள் ஐசிடி-10 இன் அமெரிக்கப் பதிப்பில் உள்ளவை. ஒரு அம்மாவுக்கு வலது முழங்காலில் செயற்கை மூட்டு வைத்திருக்கிறது என்று வையுங்கள். ஒரு பிரச்சினையும் இல்லாமல் வேறு வருத்தத்துக்கு வந்தால், மூட்டு இருக்கிறது என்பதற்கு மட்டும் இசட்96.651 (Z96.651). அந்த மூட்டு கழன்று ஆடத் தொடங்கினால் ரி84.032 (T84.032). கிருமி பிடித்தால் ரி84.53, கிருமியின் பெயர் தெரிந்தால் அதற்கும் தனியாக ஒரு கோட். மூட்டைச் சுற்றியுள்ள எலும்பு முறிந்தால் ரி வரிசையை விட்டு எம்97க்குப் போக வேண்டும். 2016 ஒக்டோபரில்தான் அதை அங்கே மாற்றினார்கள்.

இவ்வளவும் தேடிப் பிடிக்கக்கூடியவை. ஆட்கள் வழுக்கி விழுவது கோடின் கடைசியில் வரும் ஏழாவது எழுத்தில்: ஏ (A), டி (D), எஸ் (S). ஏ என்றால் முதல் தடவை வந்தது என்று பலர் பாடமாக்கி வைத்திருக்கிறார்கள். அப்படி இல்லை. பிரச்சினைக்கு நேரடியான சிகிச்சை நடக்கும் காலம் முழுவதும் ‘ஏ’தான், மூன்றாவது வைத்தியரிடம் போனாலும் ‘ஏ’தான். சிகிச்சை முடிந்து ஆறிவரும் காலத்தில் காட்ட வந்தால் டி. பிரச்சினை தீர்ந்து, அது விட்டுப்போன குறை மட்டும் மிஞ்சினால் எஸ்.

மகள் நினைத்தது இதுவாகத்தான் இருக்கும்: சத்திரசிகிச்சை நடந்து பத்து வருடம் கழித்து மூட்டு கழன்றால், இவ்வளவு காலம் போய்விட்டதே, அது பின்விளைவுதானே? இல்லை. கழன்ற மூட்டு இன்றைக்கும் கழன்றுதான் இருக்கிறது, அதற்குச் சிகிச்சை இப்போதுதான் நடக்கிறது. ஆகவே ரி84.032ஏ. எத்தனை வருடம் என்பது கணக்கே இல்லை. அதே அம்மாவுக்கு மூட்டில் கிருமி பிடித்து, அது முற்றாக மாறி, ஆறு மாதம் கழித்து கால் மடங்காமல் விறைத்துப்போய் வருகிறார் என்றால் அது பின்விளைவு. அப்போது இரண்டு கோட். முதலில் இப்போதுள்ள குறை, அதாவது வலது முழங்கால் விறைப்பு, எம்25.661. அடுத்ததாக அதை உண்டாக்கியது, ரி84.53எக்ஸ்எஸ். நடுவில் எக்ஸ் ஏன்? ரி84.53 இல் ஐந்து இடம்தான் இருக்கிறது, ஏழாவது எழுத்து ஏழாவது இடத்தில் வந்தாக வேண்டும், ஆறாவது இடத்தை நிரப்பத்தான் அது. ரி84.032 இல் ஏற்கெனவே ஆறு இருப்பதால் எக்ஸ் தேவையில்லை.

இன்னொன்றும் உண்டு. விறைப்பு கிருமியால் வந்தது என்று வைத்தியர் எழுதியிருக்க வேண்டும். எழுதாவிட்டால் கோடர் தானாக முடிச்சுப் போடக்கூடாது, வைத்தியரிடம் கேட்க வேண்டும். உயிரியல் படித்த பிள்ளைகள் இதில்தான் அதிகம் பிழை விடுகிறார்கள், நோயின் காரணம் தங்களுக்கே தெரிகிறது என்பதால்.

நம் பக்கத்துப் பிள்ளைக்கு இன்னொரு குழப்பமும் வரும். யுத்தத்தில் கால் போய்ச் செயற்கைக் கால் போட்டவர்களை மட்டக்களப்பிலும் அம்பாறையிலும் பார்த்தே வளர்ந்தவர்கள் நாம். செயற்கைக் கால் என்றதும் மகளுக்கு அதுதான் நினைவுக்கு வரும். ஆனால் ரி84 உடம்புக்கு உள்ளே வைத்ததற்கு மட்டும். வெளியே மாட்டும் காலைச் சரிபார்க்க வந்தால் இசட்44, முழங்காலுக்குக் கீழே வலது கால் இல்லை என்பதற்கு இசட்89.511, எஞ்சிய காலில் கிருமி பிடித்தால் ரி87. ஒரே சொல், மூன்று வேறு பக்கங்கள்.

சரி, இதை வாசித்து மகள் "ஓ, இப்படியா" என்றால் அவளுக்கு இந்த வேலை பிடிக்கும். எரிச்சல்தான் வந்தது என்றால் எந்தச் சான்றிதழும் உதவாது. நாள் முழுக்கச் செய்வது இதைத்தான். குழம்பியது குறையே இல்லை. இது கடினமான பாடம். அனுபவமுள்ளவர்களும் புத்தகத்தைப் புரட்டித்தான் செய்கிறார்கள். பரீட்சைக்கே கோட் புத்தகம் கொண்டுபோக விடுகிறார்கள் என்றால் பாருங்கள்.

அப்புறம் உங்கள் கேள்வி. கோடர்களுக்கான சிபிசி என்ற அமெரிக்கப் பரீட்சை 100 கேள்வி, 4 மணித்தியாலம், 70 வீதம் எடுத்தால் சித்தி. முழுவதும் ஆங்கிலம். தமிழ் மொழிமூலம் படித்த பிள்ளைக்கு உடற்கூற்றியல் தெரியும், ஆனால் வைத்தியர் சுருக்கமாக எழுதும் ஆங்கிலக் குறிப்பு பிடிபட நாள் எடுக்கும். என்னிடம் கேட்டால் முதல் ஆறு மாதம் ஆங்கிலத்துக்கும் மருத்துவச் சொற்களுக்கும் கொடுக்கச் சொல்வேன். அதற்கு நகை தேவையில்லை.

சித்தியடைந்தாலும் அனுபவம் இல்லாதவருக்குப் பெயருக்குப் பின்னால் சிபிசி-ஏ என்றுதான் வரும், அதாவது பயிலுநர். "வீட்டிலிருந்தே டொலரில் சம்பளம்" என்று நீங்கள் பார்த்த விளம்பரத்தில் இருந்ததைச் சொன்னீர்கள். நோயாளர் விபரத்தைப் பாதுகாக்கச் சட்டம் இருப்பதால், புதியவரை அலுவலகத்தில் வைத்துப் பழக்கிய பிறகே பல நிறுவனங்கள் வீட்டு வேலைக்கு விடும். இந்த வேலை சென்னையிலும் கோயம்புத்தூரிலும் நிறைய உண்டு. இங்கே கொழும்பை விட்டால் குறைவு. மகளைக் கொழும்பில் விடுதியில் விட வீட்டில் சம்மதமா என்பதை இப்போதே பேசிவிடுங்கள். பணம் கட்டிய பிறகு அந்தப் பேச்சு வந்தால் சண்டையில் முடியும்.

பயிற்சி நிறுவனத்துக்குப் போகும்போது மூன்றாம்நிலை மற்றும் தொழிற்கல்வி ஆணைக்குழுவின் பதிவு இலக்கத்தைக் கேளுங்கள், ஆணைக்குழுவின் இணையத்தளத்தில் நீங்களே பாருங்கள். எந்த வருடத்துக் கோட் புத்தகம் தருகிறார்கள் என்றும் கேளுங்கள், ஒவ்வொரு ஒக்டோபர் முதலாம் திகதியும் கோட்கள் மாறும். பின்விளைவுப் பாடத்தின் நோட்ஸை வாங்கிப் பாருங்கள். அதில் 909.3 என்ற கோட் இருந்தால் அது 2015 ஒக்டோபருக்கு முந்திய ஐசிடி-9, அமெரிக்கா எப்போதோ கைவிட்டது. ரி98.3 இருந்தால் அது உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10. பிழையில்லை, ஆனால் அமெரிக்க வேலைக்கு ஆகாது. இரண்டில் எதைக் கண்டாலும் எழும்பி வந்துவிடலாம்.

போவதற்கு முன் மகளுக்கு ஒரு வீட்டு வேலை. இடது இடுப்பில் செயற்கை மூட்டு வைத்த ஐயா ஒருவர். நாலு வருடத்துக்குப் பிறகு மூட்டில் கிருமி பிடித்தது. வாட்டில் வைத்து மருந்து ஏற்றினார்கள், பிறகு கிளினிக்குக்கு வந்து காட்டினார், இரண்டு வருடம் கழித்து இடுப்பு விறைப்போடு திரும்ப வந்தார். மூன்று வருகைக்கும் ஏழாவது எழுத்து என்ன, ஏன் என்று எனக்கு எழுதச் சொல்லுங்கள். கோட் பிழைத்தாலும் பரவாயில்லை, அந்த "ஏன்" தமிழிலேயே இருக்கட்டும்.