முகாமில் ஐயா இருக்கிறார்

கேள்வி: அஜர்பைஜான் நாட்டு 'முகாம்' பாடகர் ஆலிம் காசிமோவ் பற்றிச் சொல்லுங்களேன். அந்த நாட்டுப்புறக் கலைஞர் பாடும்போது கையிலுள்ள கஞ்சிராவால் முகத்தை மறைத்துக்கொள்கிறாரே, கூச்சமா? (சேலம் வாசகர்)

பதில்: முகாம் என்ற சொல்லுக்கு மேற்கோள்குறி போட்டிருக்கிறீர்கள். அச்சுப்பிழையாக இருக்குமோ என்று உங்களுக்கே சந்தேகம் போலிருக்கிறது. கண் சிகிச்சை முகாம், பட்டா மாறுதல் முகாம், யானைகள் முகாம் வரிசையில் இதென்ன பாட்டு முகாம்? குறியைத் தாராளமாக எடுத்துவிடலாம். இரண்டும் ஒரே சொல்தான். அரபியில் மகாம் என்றால் நிற்கும் இடம், தங்கும் இடம். உருது வழியாக நம் தாலுகா ஆபீசுக்கு வந்தது ஷாமியானாவும் பிளாஸ்டிக் நாற்காலியும் போட்டு உட்கார்ந்துகொண்டது. அஜர்பைஜான் தலைநகர் பாகுவுக்குப் போனது, நம் ராகம் மாதிரி ஒரு பாட்டு முறையாகிப் பாட ஆரம்பித்துவிட்டது. இங்கே 'ஐயா முகாமில் இருக்கிறார்' என்றால் சீட்டில் ஆள் இல்லை என்று அர்த்தம். அங்கே ஐயா முகாமில் இருந்தால் சுருதியில் இருக்கிறார் என்று அர்த்தம்.

பெயர் மட்டுமில்லை, பாடும் முறையும் முகாம் போடுவதுதான். ராஸ்த் என்ற முகாமைப் பாருங்கள். முதலில் பர்தாஷ்த்: மேல் ஸ்தாயியில் ஒரு வீச்சு, ஊரைக் கூட்டுகிற குரல். அது முடிந்ததும் கீழே இறங்கி மாயேயில் உட்கார வேண்டும். மாயே என்றால் அவர்கள் பேச்சில் புளிப்பு மாவு, நம் வீட்டு உறைமோர் மாதிரி. (இதை நம் மாயையோடு முடிச்சுப் போட்டு எட்டுப் பக்கக் கடிதம் எழுதத் தயாராகும் அன்பர்கள் பேனாவை மூடி வைக்கவும்.) அந்த ஒரு கரண்டி உறையில்தான் மிச்சமெல்லாம் தோய வேண்டும். அங்கிருந்து உஷ்ஷாக், ஹுசெய்னி, விலாயெதி என்று கொட்டகை கொட்டகையாக மேலே. ஒவ்வொன்றிலும் ஒரு ஸ்வரம் தங்குமிடம். அதையே சுற்றிச் சுற்றி வந்து, கஜலில் ஓர் ஈரடியோ இரண்டோ பாடிவிட்டுப் பெயர வேண்டும். இராக் என்ற இடம் வரும்போது புறப்பட்ட ஆதார ஸ்வரத்துக்குச் சரியாக ஒரு ஸ்தாயி மேலே நிற்பார். கடைசியில் அயாக், அதாவது பாதம். இறங்கி மறுபடி மாயே. நடுநடுவே தாளத்தோடு தஸ்னிஃப் என்ற பாட்டும், ரெங் என்ற வாத்திய உருப்படியும் வரும். பாடுகிறவர் மூச்சு வாங்க வேண்டாமா? முழுசாகப் பாடினால் ஒரு மணி நேரம்கூட ஓடும்.

சொதப்புவதற்கும் இதில் வசதியுண்டு. ஆரம்பமே ஜோராக இருக்கட்டும் என்று மாயேயை உயர்த்தி எடுத்தால் இராக்கில் தொண்டை கிழியும். அதனால்தான் தார் வாசிப்பவர் பாடகரின் தொண்டையைப் பார்த்து சுருதி கூட்டுகிறார். (தார் என்றால் ரோட்டுத் தார் இல்லை, நெஞ்சோடு அணைத்து வாசிக்கும் 11 தந்தி வாத்தியம்.) அடுத்தது யாப்பு. பாடுவது ஃபுஸூலி போன்ற பழைய கவிகளின் கஜல். அரூஸ் யாப்பில் நெடில், குறில் கணக்கு உண்டு. தாளமில்லாத பகுதிதானே என்று குறிலை நெடிலாக இழுத்தால், கவிதை தெரிந்தவர்கள் முகத்தைச் சுளிப்பார்கள். இங்கே விருத்தத்தில் சொல்லை நடுவில் ஒடித்துப்போட்டுக் கைதட்டல் வாங்குகிறவர்களைப் பற்றி இந்தப் பக்கத்தில் ஏற்கெனவே வேண்டிய மட்டும் சண்டை போட்டாயிற்று. அப்புறம் ஸெங்கூலே: தொண்டைக்குள் சிறுமணி உருளுவது போன்ற அதிர்வு. பெருங்காய அளவுதான் போட வேண்டும். புதிதாகப் பாட வந்தவர்கள் கொத்தமல்லி என்று நினைத்துத் தூவுவார்கள்.

'நாட்டுப்புறக் கலைஞர்' என்ற பட்டத்தோடும் எனக்குப் பகை உண்டு. தரையில் சம்மணம் போட்டு, நமக்குப் புரியாத பாஷையில் எவர் பாடினாலும் நாட்டுப்புறத்தில் தள்ளிக் கதவைச் சாத்திவிடுகிறோம். அஜர்பைஜானில் அந்தப் பட்டத்துக்கு உரியவர், சாஸ் என்ற வாத்தியத்தை மாட்டிக்கொண்டு நின்றபடி பாடும் ஆஷிக். அது வேறு வம்சம். முகாம் பாடுகிறவர் ஹானெந்தே; அது பாடம் கேட்டுப் படிக்கிற வித்தை. காசிமோவ் 1957-ல் ஷமாஹி பக்கம் நபூர் என்ற கிராமத்தில் பிறந்தவர். பாகுவில் அஸஃப் ஸெய்னல்லி இசைப்பள்ளியில் சேர்ந்தது 1978-ல். வயது 21! நம்மூரில் அந்த வயசுக்குள் 'முன்னாள் பாலமேதை' ஆகி ஓய்ந்தே போயிருப்பார்கள். 1983-ல் சமர்கந்தில் முதல் பரிசு, 1999-ல் யுனெஸ்கோவின் சர்வதேச இசைப் பரிசு. மகள் ஃபர்கானாவும் பக்கத்தில் உட்கார்ந்து பாடுகிறார், பக்கப்பாட்டாக இல்லை, சரிக்குச் சரியாக.

அமெரிக்க ராக் பாடகர் ஜெஃப் பக்லியோடு 1995-ல் பிரான்சில் பாடினார், குரோனோஸ் குவார்டெட் என்ற தந்திவாத்திய நால்வர் குழுவோடு சேர்ந்த ஆல்பம் 2010-ல் வந்தது என்றதும் 'ஃப்யூஷன்!' என்று மூக்கைப் பொத்துகிறவர்களுக்கு ஒரு தகவல். உஸேயிர் ஹாஜிபெயோவ் என்ற இசையமைப்பாளரின் லெய்லி-மஜ்னூன் ஆபரா (மேல்நாட்டு பாணி இசை நாடகம்) பாகுவில் மேடையேறியது 1908-ல். பாடகர்கள் பாடவேண்டிய முக்கியமான இடங்களில் அவர் நோட் எழுதவே இல்லை. எந்த முகாம் என்று பெயரை மட்டும் குறித்துவிட்டு ஆர்க்கெஸ்ட்ராவை ஓய்வெடுக்கச் சொல்லிவிட்டார். லெய்லியாகப் பாடியது ஓர் ஆண், டீக்கடையில் வேலை பார்த்தவர். கலப்படத்துக்கு அங்கே நூறு வயது தாண்டியாயிற்று.

கூச்சமா என்று கேட்டீர்கள். அது கஞ்சிரா இல்லை, கவால். விட்டம் ஏறத்தாழ 40 செ.மீ., சட்டத்தின் உட்புறம் சுற்றிலும் உலோக வளையங்கள். வாயருகே உயர்த்திப் பிடித்தால் குரல் தோலில் பட்டுத் திரும்புகிறது, மைக் இல்லாத காலத்து மானிட்டர். தாளமில்லாத பகுதியில் அதற்கு இந்த வேலைதான். தட்டுவதெல்லாம் தஸ்னிஃப் வரும்போது. கஞ்சிராக்காரர் தண்ணீர் தடவி சுருதியை இறக்குவார். இவர்களுக்கு நேர் எதிர்ப் பிரச்சினை. மரபான கவாலுக்குப் போர்த்துவது மீன் தோல். ஈரக்காற்றில் அது தொய்ந்துபோகும், பாகுவோ காஸ்பியன் கடற்கரையில் இருக்கிறது. மேடையேறுமுன் சூடு காட்டி விறைப்பாக்கிக்கொள்வார்கள். இப்போது பிளாஸ்டிக் தோல் வந்துவிட்டதால் அந்த வேலையும் மிச்சம்.