ஜெராக்ஸ் கடையில் கலர் பிரிண்ட் போட்ட மொட்டை மனுவை வைத்து, அனுப்பியவரைக் கண்டுபிடிக்க முடியுமா?

கேள்வி இது: காரைக்குடிப் பக்கம் ஓர் ஊருணியின் வரத்துக்காலை மறித்துக் கட்டடம் எழும்புகிறது. போட்டோக்களோடு கலெக்டர் ஆபீசுக்குப் பெயர் போடாமல் மனு அனுப்ப வேண்டும். கலர் பிரிண்டில் ரகசியப் புள்ளி இருக்கிறதாமே, மாட்டிக்கொள்வோமா?

புள்ளி இருப்பது உண்மை. ஆனால் அது காட்டிக்கொடுப்பது மெஷினையும் நேரத்தையும்தான். ஆளைக் காட்டிக்கொடுப்பது கடையில் நாம் விட்டுவிட்டு வரும் மற்ற தடயங்கள்.

கலர் லேசர் மெஷின்கள் பலவும் தாள் முழுக்க மஞ்சள் டோனரில் பொடிப் புள்ளிகளை வைக்கின்றன. ஒவ்வொன்றும் சுமார் 0.1 மி.மீ. அகலம். வெள்ளைத் தாளில் மஞ்சள் என்பதால் கண்ணுக்குப் படாது. 2005-இல் டிஜிட்டல் உரிமைகளுக்காகப் போராடும் அமெரிக்க அமைப்பான எலக்ட்ரானிக் ஃபிரான்டியர் ஃபவுண்டேஷன், ஜெராக்ஸ் நிறுவனத்தின் டாக்குகலர் மெஷின் வைக்கும் புள்ளிகளைப் படித்துக் காட்டியது. 15 நெடுவரிசை, 8 கிடைவரிசை கொண்ட கட்டம். அதற்குள் அச்சான தேதி, மணி, நிமிடம், மெஷினின் சீரியல் நம்பர். இதே கட்டம் தாள் நெடுகத் திரும்பத் திரும்ப வருவதால் ஓரத்தை வெட்டிப் பயனில்லை. நேரம் மட்டும் சில சமயம் தப்பாக இருக்கும், மெஷினின் கடிகாரத்தை யாரும் சரியாக வைக்காமல் விட்டிருந்தால்.

நீங்களே பார்க்கலாம். இருட்டறையில் நீல எல்.இ.டி. விளக்கை அடித்து, தாளின் வெற்றிடத்தை பூதக்கண்ணாடியில் பாருங்கள். மஞ்சள், நீல ஒளியை விழுங்கிவிடும். புள்ளிகள் கறுப்பாகத் தெரியும். விளக்கு இல்லையென்றால் 600 டி.பி.ஐ.யில் கலர் ஸ்கேன் எடுத்து, ஜிம்ப் மென்பொருளில் நீல நிறத்துக்கான சேனலை மட்டும் பிரித்து, கான்ட்ராஸ்டை ஏற்றுங்கள். ஸ்கேனை ஜேபெக்காக அழுத்திச் சேமித்தால் புள்ளிகள் கலங்கிப்போகும். அதைப் பார்த்து ‘ஒன்றுமில்லை’ என்று முடிவுகட்டாதீர்கள்.

2017-இல் அமெரிக்க உளவு அமைப்பொன்றின் ஒப்பந்த ஊழியரான ரியாலிட்டி வின்னர் என்ற பெண் ஓர் இணையப் பத்திரிகைக்கு அனுப்பிய ரகசிய ஆவணத்தின் ஸ்கேனிலும் இந்தப் புள்ளிகள் இருந்தன, வெளியாட்களே படித்துவிட்டார்கள். ஆனால் வழக்கில் விசாரணையாளர்கள் சொன்னது வேறு: அந்த ஆவணத்தை பிரிண்ட் எடுத்தவர்கள் ஆறே பேர், அதில் ஒருவர் ஆபீஸ் கம்ப்யூட்டரிலிருந்து அந்தப் பத்திரிகைக்கு மெயில் அனுப்பியிருந்தார்.

நம்மூர்க் கடையிலும் இதே கதைதான். ஃபைலைக் கடைக்காரர் நம்பருக்கு வாட்ஸ்அப்பில் அனுப்புகிறோம், ஜிபேயில் காசு போடுகிறோம், மேலே கேமரா வேறு. புள்ளி தரும் நிமிடத்தையும் பணம் ஏறிய நிமிடத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் போதும், பெயர் வந்துவிடும்.

அதனால் கறுப்பு வெள்ளை மட்டுமே அடிக்கும் லேசர் மெஷினில் எடுங்கள். அதில் மஞ்சள் டோனரே கிடையாது. வரத்துக்கால் அடைபட்டிருப்பது கறுப்பு வெள்ளைப் படத்திலேயே தெளிவாகத் தெரியும். கலர் மெஷினில் ‘கறுப்பு வெள்ளை’ என்று தேர்ந்தெடுப்பதை நம்ப வேண்டாம். ஃபைலைப் பென் டிரைவில் கொண்டுபோங்கள், காசை ரொக்கமாகக் கொடுங்கள், கடையின் கம்ப்யூட்டரில் காப்பி செய்திருந்தால் அழிக்கச் சொல்லிவிட்டு வாருங்கள். மெயிலிலும் அனுப்புவதென்றால் போட்டோவுக்குள் இருக்கும் இடக்குறிப்பையும் ஃபைலில் உள்ள ஆசிரியர் பெயரையும் முதலில் நீக்குங்கள்.

இன்னொன்று, இதைத்தான் பலர் கோட்டை விடுகிறார்கள்: படம் எடுத்த கோணம். உங்கள் வீட்டு மொட்டைமாடியிலிருந்து மட்டுமே தெரியும் காட்சியென்றால் புள்ளியைத் தேட அவசியமே இல்லை. ஊருணிக் கரையில், யாரும் நடந்துபோகும் இடத்தில் நின்று எடுங்கள்.