மூடிய இமைக்குள் ஓடும் கண்: கனவுத் தூக்கம் பற்றிய கேள்விகளும் பதில்களும்

பதினொரு வருடமாக ஒரு மருத்துவமனையின் தூக்க ஆய்வுக்கூடத்தில் இரவு ஷிப்ட் பார்க்கிறேன். நோயாளி உள்ளே தூங்குவார், நான் வெளியே மானிட்டர் முன்னால் விழித்திருப்பேன். 'ரெம்' என்று நாங்கள் சொல்லும் விரைவு விழி அசைவுத் தூக்கத்தைப் பற்றி என்ன வேண்டுமானாலும் கேளுங்கள் என்றிருந்தேன். வந்தவற்றில் ஒரே மாதிரியானவற்றை ஒன்றாக்கிப் பதில் எழுதியிருக்கிறேன்.

கேள்வி (கல்லூரி மாணவர்): மேடம், மனிதன் தோன்றிய நாளிலிருந்து தூங்குகிறான். ரெம் தூக்கத்தை மட்டும் 1953 வரை யாரும் கவனிக்காதது எப்படி? கண்டுபிடித்தவர் யார்?

கவனித்தவர்கள் இருந்தார்கள். 1892லேயே ஜார்ஜ் டிரம்புல் லாட் என்ற அமெரிக்க உளவியலாளர், கனவு காணும்போது கண் அசையலாம் என்று எழுதினார். ஆனால் இரவு முழுக்க உட்கார்ந்து யாரும் பார்க்கவில்லை. தூக்கம் என்றால் மூளை அணைந்துபோன நிலை, அதில் பார்க்க என்ன இருக்கிறது என்ற எண்ணம் ஒரு பக்கம். இன்னொரு பக்கம் காகிதச் செலவு. மூளை அலைகளைப் பதிவு செய்யும் அன்றைய இ.இ.ஜி. கருவி ஓடிக்கொண்டே இருக்கும் தாளில் பேனாவால் கோடு போடும். ஓர் இரவுக்கு ஏறக்குறைய அரை மைல் தாள் போகும். அதனால் அவ்வப்போது கொஞ்ச நேரம் மட்டும் ஓடவிட்டு நிறுத்திவிடுவார்கள். முதல் ரெம் வரவே சுமார் ஒன்றரை மணி நேரம் ஆகும், அதுவும் சில நிமிடங்களில் முடிந்துவிடும். தவறவிடுவது சுலபம்.

கண்டுபிடித்தவர் யூஜின் அசெரின்ஸ்கி. சிகாகோ பல்கலைக்கழகத்தில் ஆராய்ச்சி மாணவர். வயது முப்பது, கையில் இளங்கலைப் பட்டம்கூடக் கிடையாது. பணமும் இல்லை. மனைவி, மகனோடு பழைய ராணுவக் குடியிருப்பில் வாழ்ந்தார். அவருடைய வழிகாட்டி நத்தானியேல் கிளைட்மன், தூக்க ஆராய்ச்சியின் பிதாமகர். 1938ல் கென்டக்கியின் மாமத் குகைக்குள் ஒரு மாணவரோடு 32 நாள் தங்கி, நாளை 28 மணி நேரமாக்கினால் உடல் பழகுமா என்று தன் மேலேயே சோதித்தவர். அவர் அசெரின்ஸ்கிக்குக் கொடுத்த வேலை கேட்பதற்கு ரொம்பச் சாதாரணம்: குழந்தைகள் தூங்கும்போது இமைகள் எப்படி அசைகின்றன என்று பார். அவரும் மாதக்கணக்கில் தொட்டில் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தார். இடையிடையே சுமார் இருபது நிமிடம் கண் அசையவே இல்லை என்று குறித்துக்கொண்டார்.

கைக்குழந்தைப் பருவம் தாண்டியவர்களிடம் எப்படி என்று பார்க்க, கட்டடத்தின் அடித்தளத்தில் யாரும் தொடாமல் கிடந்த ஒரு பழைய பதிவுக் கருவியைத் தேடி எடுத்தார். 1951 டிசம்பரில் ஓர் இரவு, தன் எட்டு வயது மகன் ஆர்மண்டின் கண்ணோரங்களில் எலக்ட்ரோடு (மின் சமிக்ஞையைப் பிடிக்கும் சின்னத் தகடு) ஒட்டிப் படுக்க வைத்தார். பையன் தூங்கிவிட்டான். சில மணி நேரம் கழித்து, விழித்திருப்பவன் கண்ணைப் போல பேனாக்கள் இப்படியும் அப்படியும் வெட்டி வெட்டிப் போக ஆரம்பித்தன. பையன் எழுந்துவிட்டான் என்று நினைத்து உள்ளே போய்ப் பார்த்தால், நன்றாகத் தூங்கிக்கொண்டிருந்தான். கருவி கோளாறோ என்றுதான் முதலில் சந்தேகம். திரும்பத் திரும்பச் சோதித்தார். கிளைட்மனும் லேசில் நம்பவில்லை, தன் மகள் எஸ்தரையே படுக்க வைத்துப் பார்த்த பிறகுதான் ஏற்றுக்கொண்டார்.

1953 செப்டம்பர் 4 தேதியிட்ட 'சயன்ஸ்' இதழில் கட்டுரை வந்தது. இரண்டே பக்கம். அசெரின்ஸ்கி பெயர் முதலில், கிளைட்மன் பெயர் அடுத்து. பல இடங்களில் இது கிளைட்மன் கண்டுபிடிப்பு என்றே எழுதிவிடுகிறார்கள். அது எனக்கு வருத்தமாக இருக்கும். தொட்டில் ஓரத்தில் கண் எரிய உட்கார்ந்திருந்தவர் அசெரின்ஸ்கி.

கேள்வி: இமை மூடியிருக்கும்போது கண் அசைவதைக் கருவி எப்படிப் பிடிக்கிறது?

கண்விழி ஒரு சின்ன பேட்டரி மாதிரி. முன்பக்கம் கருவிழிப் படலம் நேர்மின், பின்பக்கம் விழித்திரை எதிர்மின். இடது கண்ணின் வெளி ஓரத்துக்கு ஒரு சென்டிமீட்டர் கீழே ஓர் எலக்ட்ரோடு, வலது கண்ணின் ஓரத்துக்கு ஒரு சென்டிமீட்டர் மேலே இன்னொன்று ஒட்டுவேன். கண் ஒரு பக்கம் திரும்பினால் அந்தப் பக்க எலக்ட்ரோடுக்கு நேர்மின் நெருங்கும், மற்றதற்கு விலகும். அதனால் திரையில் ஒரு கோடு ஏறும்போது மற்றது இறங்கும். ஆழ்ந்த தூக்கத்தின் மூளை அலை கண் கோட்டில் கசிந்து வருவதுண்டு, அப்போது இரண்டும் ஒரே திசையில் போகும். ரெம் என்றால் எதிரெதிர். அதே நேரம் தாடைத் தசைக்கான கோடு நூல் போல் தட்டையாகிவிடும். மூன்று மணிக்குக் கண் சொக்கும் நேரத்திலும் இந்தக் காட்சி வந்தால் நிமிர்ந்து உட்கார்ந்துவிடுவேன்.

கேள்வி: அது கனவுதான் என்று எப்படித் தெரிந்தது?

தூங்கியவர்களை அசெரின்ஸ்கியும் கிளைட்மனும் எழுப்பிக் கேட்டார்கள். கண் ஓடும்போது 27 முறை எழுப்பியதில் 20 முறை விவரமான கனவு சொன்னார்கள். கண் அசையாதபோது 23 முறை எழுப்பியதில் 19 முறை ஒன்றுமே நினைவில்லை.

அப்புறம் வந்து சேர்ந்த மருத்துவ மாணவர் வில்லியம் டிமென்ட் இதைப் பெரிதாக எடுத்துச் சென்றார். இரவு முழுவதும் பதிவு செய்து, ரெம் சுமார் 90 நிமிடத்துக்கு ஒரு முறை திரும்பி வருகிறது என்று காட்டினார். 'ரெம்' என்ற சுருக்கப் பெயரைப் பழக்கத்துக்குக் கொண்டுவந்தவரும் அவர்தான்.

கேள்வி (ஓய்வுபெற்ற ஆசிரியர்): வணக்கம்மா. நீளமான கனவுகூட ஒரு நொடியில் முடிந்துவிடும் என்று படித்திருக்கிறேன். உண்மையா?

வணக்கம் ஐயா. அந்த நம்பிக்கை பெரும்பாலும் 19ஆம் நூற்றாண்டின் ஆல்பிரட் மோரி என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து வந்தது. பிரெஞ்சுப் புரட்சியில் விசாரணை, தண்டனை, கடைசியில் தலை வெட்டப்படுவது வரை நீண்ட கனவு. விழித்துப் பார்த்தால் கட்டில் சட்டம் கழுத்தில் விழுந்திருந்ததாம். சட்டம் விழுந்த கணத்தில் மொத்தக் கனவும் உருவானது என்று முடிவு கட்டிவிட்டார்.

1957ல் டிமென்டும் கிளைட்மனும் இதைச் சோதித்தார்கள். ரெம் தொடங்கி 5 நிமிடத்திலோ 15 நிமிடத்திலோ எழுப்பி, "எவ்வளவு நேரம் கனவு கண்டீர்கள், ஐந்தா பதினைந்தா?" என்று கேட்டார்கள். 111 முறையில் 92 முறை சரியான விடை. கனவில் நேரம் ஏறக்குறைய நம் நேரம் போலத்தான் ஓடுகிறது.

கேள்வி: அக்கா, என் மகளுக்கு ஒன்றரை மாதம். தூக்கத்தில் சிரிக்கிறாள், உடனே முகம் சுளிக்கிறாள். மாமியார் "நரி விரட்டுது" என்கிறார். கனவா?

வாழ்த்துகள் தங்கச்சி. உங்கள் மாமியார் பார்த்தது ரெம். பிறந்த குழந்தையின் தூக்கத்தில் ஏறக்குறைய பாதி அதுதான். நமக்கு இருபது, இருபத்தைந்து சதவீதம். ரெம்மில் நம் தசைகளை மூளை அசையவிடாமல் அடக்கி வைக்கும். குழந்தைகளுக்கு அந்த அடக்கம் இன்னும் முழுதாக அமையாததால் உதடு, கன்னம், விரல் எல்லாம் துடிக்கும். கனவா என்றால், சொல்ல அவளால் முடியாது. வளரும் மூளை தன்னைத்தானே தூண்டிக்கொள்ள இந்தத் தூக்கம் உதவுகிறது என்ற கருத்து 1966 முதலே இருக்கிறது. பயப்பட ஒன்றுமில்லை.

கேள்வி (விடுதி மாணவி): விழிப்பு வந்துவிட்டது, அறை தெரிகிறது, ஆனால் கை கால் அசையவில்லை. நெஞ்சில் யாரோ உட்கார்ந்து அழுத்துகிறார்கள். பாட்டி "அமுக்குவான் பேய்" என்கிறாள். தேர்வு நேரத்தில் மூன்று தடவை வந்துவிட்டது.

உங்கள் பயம் எனக்குப் புரிகிறது. எனக்கே இருபது வயதில் வந்திருக்கிறது, கத்த நினைத்தும் குரல் எழவில்லை.

1959ல் பிரான்ஸின் லியோன் நகரில் மிஷேல் ஜூவே பூனைகளின் தூக்கத்தைப் பதிவு செய்துகொண்டிருந்தார். மூளை அலை விழித்திருப்பது போல, ஆனால் கழுத்துத் தசை முற்றிலும் செத்தது போல. 'முரண் தூக்கம்' என்று பெயர் வைத்தார். மூளைத் தண்டில் 'பான்ஸ்' என்ற பகுதியிலிருந்து கிளம்பும் கட்டளை, தண்டுவடத்தில் தசைகளை இயக்கும் நரம்புகளைத் தடுத்து வைக்கிறது. அந்த இடத்தில் ஒரு சின்னப் பகுதியைச் சேதப்படுத்தினால், பூனை தூக்கத்திலேயே எழுந்து இல்லாத எலியைப் பதுங்கிப் பிடிக்கப் போனது, சண்டை போட்டது. கனவில் நாம் எழுந்து ஓடாமல் இருப்பது இந்தப் பூட்டினால்தான்.

உங்களுக்கு விழிப்பு முந்திக்கொண்டது, பூட்டு திறக்கத் தாமதமாகிவிட்டது. கனவின் மிச்சம் அறைக்குள் கலந்து உருவமாகத் தெரிகிறது. ரெம்மில் உதரவிதானம்தான் மூச்சை இழுக்கும், நெஞ்சுத் தசைகள் தளர்ந்திருக்கும். அதனால் ஆழமாக மூச்சிழுக்கப் பார்த்தால் யாரோ அழுத்துவது போல இருக்கும். மூச்சு நிற்காது. பெரும்பாலும் சில நொடி, மிஞ்சினால் ஓரிரு நிமிடம். தூக்கம் கெட்டால், நேரம் மாறி மாறித் தூங்கினால், மல்லாந்து படுத்தால் அதிகம் வரும். ஒருக்களித்துப் படுங்கள், தேர்வு என்றாலும் ஒரே நேரத்துக்குப் படுக்கப் போங்கள். அடிக்கடி வந்தாலோ, பகலில் அடக்க முடியாமல் தூக்கம் வந்தாலோ மருத்துவரைப் பாருங்கள். பாட்டியிடம் கோபப்படாதீர்கள், அவர் சொன்ன அனுபவம் உண்மை.

கேள்வி: அப்பாவுக்கு 64 வயது. ஒரு வருடமாகத் தூக்கத்தில் கத்துகிறார், உதைக்கிறார். போன வாரம் அம்மாவுக்குக் கண்ணுக்கு மேல் அடி. எழுப்பினால் "திருடன் வந்தான்" என்கிறார்.

இதைத் தள்ளிப்போடாதீர்கள். மேலே சொன்ன பூட்டு வேலை செய்யாத நிலையாக இருக்கலாம். 1986ல் மினசோட்டாவில் கார்லோஸ் ஷென்க், மார்க் மஹோவால்ட் குழுவினர் இதைத் தனி நோயாக விவரித்தார்கள். ஐம்பது தாண்டிய ஆண்களிடம் அதிகம். பலரிடம் பல வருடம் கழித்துப் பார்க்கின்சன் போன்ற நோய்க்கு இது முன்னறிகுறியாக அமைகிறது. எல்லோருக்கும் அப்படி ஆகும் என்றில்லை, வேறு காரணங்களும் உண்டு. நரம்பியல் மருத்துவரிடம் காட்டி, ஓர் இரவுத் தூக்கப் பரிசோதனை செய்யுங்கள். அதுவரை அம்மா வேறு கட்டிலில் படுக்கட்டும். கட்டில் அருகே கண்ணாடிப் பொருள், கூர்முனை மேசை எதுவும் வேண்டாம்.

கேள்வி: விடியற்காலைக் கனவு பலிக்கும் என்கிறார்களே?

பலிப்பது பற்றி என் திரையில் ஒன்றும் தெரியாது. ஆனால் விடியற்காலையில் கனவு அதிகம் என்பது சரி. இரவின் முதல் ரெம் பத்து நிமிடம் இருந்தால் அதிகம், கடைசியில் வருவது அரை மணி நேரம்கூட நீளும். எழும் நேரத்துக்குப் பக்கத்தில் இருப்பதால் நினைவிலும் நிற்கும்.

கேள்வி: எனக்குக் கனவே வராது. ரெம் இல்லையா?

நிச்சயம் இருக்கும். "கனவே கிடையாது" என்பவர்களையும் ரெம்மின் நடுவில் எழுப்பினால் பலர் சொல்லிவிடுகிறார்கள்.

கேள்வி (உளவியல் மாணவி): அப்படியானால் ரெம் என்றாலே கனவு, கனவு என்றாலே ரெம் என்று எழுதலாமா?

தயவுசெய்து எழுதாதீர்கள். இந்த ஒரு தவறுதான் எங்கும் பரவிக் கிடக்கிறது. 1962லேயே டேவிட் பவுல்க்ஸ் என்ற உளவியலாளர், ரெம் அல்லாத தூக்கத்திலிருந்து எழுப்பியும் கனவு போன்ற அனுபவங்களைக் கேட்டு வாங்கினார். "கனவு கண்டீர்களா?" என்பதற்குப் பதில் "மனதில் என்ன ஓடியது?" என்று கேட்டதிலேயே பாதி வேறுபாடு. பிறகு மார்க் சோம்ஸ் என்ற ஆய்வாளர், முன்மூளையின் சில பகுதிகள் சேதமானவர்களிடம் ரெம் இருந்தும் கனவு நின்றுபோவதைக் காட்டினார். ரெம்மைக் கிளப்புவது மூளைத் தண்டு, கனவைக் கட்டுவதற்கு முன்மூளை வேண்டும். ரெம்மில் கனவு அதிகம், தெளிவு அதிகம் என்று எழுதுங்கள், போதும்.

கேள்வி: அசெரின்ஸ்கி பிறகு என்ன ஆனார்?

கட்டுரை வந்த வருடமே சிகாகோவை விட்டுப் போய்விட்டார், சியாட்டிலில் சால்மன் மீன்கள் மேல் மின்சாரத்தின் விளைவைப் பார்க்கும் வேலைக்கு. பின்னால் தூக்கத்துக்குத் திரும்பி வந்தார். 1998ல் கார் விபத்தில் இறந்தார். கிளைட்மன் அடுத்த ஆண்டு, 104 வயதில்.

கேள்வி: கருவி இல்லாமல் வீட்டில் இதைப் பார்க்க முடியுமா?

முடியும். விடியற்காலை நாலரை, ஐந்து மணிக்கு, நன்றாகத் தூங்கும் பிள்ளையின் பக்கத்தில் போய் உட்காருங்கள். முகத்தில் டார்ச் அடிக்காதீர்கள், கூடத்து வெளிச்சம் கதவு வழியாக வந்தாலே போதும். கருவிழி இருக்கும் இடம் கொஞ்சம் புடைத்திருக்கும். அந்தப் புடைப்பு இமைக்கு அடியில் சட்டென்று மூக்குப் பக்கம் போகும், நிற்கும், திரும்ப ஓரத்துக்கு ஓடும். முதலில் ஒன்றும் தெரியாவிட்டால் எழுந்து போய்விடாதீர்கள், இருபது நிமிடம் இருந்து பாருங்கள்.