வெட்டாத படம்தான் உண்மையான படமா?

கேள்வி: தைப்பூசத்தன்று, ஆற்றங்கரையில் அலகு குத்தியது முதல் கோயில் வாசல்வரை, என் தம்பி காவடி எடுத்ததை அவன் பின்னாலேயே நடந்து இரண்டு மணி நேரம் கைப்பேசியில் நிறுத்தாமல் படமெடுத்தேன். வழியில் அவன் நடக்க முடியாமல் ஒரு மரத்தடியில் நான்கு நிமிடம் நின்றுவிட்டான். இருபது நிமிடமாகச் சுருக்கி, அந்த நான்கு நிமிடத்தை முதலில் எடுத்துவிட வேண்டும் என்கிறாள் மகள். வெட்டினால் உண்மை போய்விடும் என்பது என் கட்சி. யார் சொல்வது சரி?
— ஒரு வாசகர், சாட்ஸ்வர்த், டர்பன்

பதில்: வெட்டவில்லை என்பதால் மட்டும் படம் உண்மையாகிவிடாது. நீங்கள் தம்பியின் பின்னாலேயே நடந்ததால், அவர் முகமும், காலில் மஞ்சள் நீர் ஊற்ற எதிரே குடத்தோடு காத்திருந்தவர்களின் முகமும் பெரும்பாலும் படத்தில் இருக்காது. அந்தத் தேர்வை நீங்கள் நடக்கத் தொடங்கியபோதே செய்துவிட்டீர்கள்.

நடப்பதில் தலையிடாமல், கூடவே இருந்து பார்த்தபடி பதிவு செய்யும் அவதானிப்பு ஆவணப்படம், தோளில் சுமக்கும் 16 மி.மீ. கேமராவும் அதனோடு இசைந்து ஓடும் நாக்ரா ஒலிப்பதிவுக் கருவியும் கைக்கு வந்த 1960 வாக்கில் வளர்ந்த கலை. 400 அடிச் சுருள் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும் என்பதால், உங்களைப் போல இரண்டு மணி நேரம் நிறுத்தாமல் எடுப்பது அன்றைய படக்காரர்களால் ஆகாத காரியம். வர்ணனை, நேர்காணல், மேலே ஒட்டிய இசை எதையும் அண்டவிடாத அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் பிரெடரிக் வைஸ்மன், தாமே மைக்கைப் பிடித்து நின்று கலிபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் ஏறத்தாழ 250 மணி நேரம் பதிவு செய்தார். 2013இல் வெளிவந்த படமோ சுமார் நான்கு மணி நேரம்தான். (அதையே நீளம் என்று முணுமுணுப்பவர்கள் உண்டு.)

ஆனால் சாட்சியமாக நிற்க வேண்டிய பதிவின் கதை வேறு. அது நம் தென்னாப்பிரிக்காவுக்குத் தெரியாததல்ல. 1985 அக்டோபர் 15 அன்று கேப்டவுனின் ஆத்லோனில், ரயில்வே லாரியில் மரப்பெட்டிகளுக்குள் ஒளிந்து வந்த நிறவெறி அரசின் காவலர்கள் கல்லெறிந்த கூட்டத்தின்மீது சுட்டதில் மூவர் இறந்தனர். இளையவனுக்கு வயது 11. அங்கிருந்த அமெரிக்காவின் சி.பி.எஸ். தொலைக்காட்சியின் கேமரா அதைப் பதிவு செய்தது. அடுத்த மாதமே, நெருக்கடி நிலைப் பகுதிகளில் போராட்டங்களைப் படமெடுக்க அரசு தடை விதித்தது. இப்படிப்பட்ட பதிவில் முன்னும் பின்னும் நறுக்கினால், "அதற்கு முன் என்ன நடந்தது என்பதை மறைத்துவிட்டார்கள்" என்று சொல்ல எவருக்கும் வழி பிறந்துவிடும்.

ஆகவே மூலப் பதிவில் கை வைக்காமல், தேதியோடு இரண்டு இடங்களில் பத்திரப்படுத்துங்கள். வெட்டுவதை உங்கள் மகள் நகலில் செய்யட்டும். வரிசையை மாற்ற வேண்டாம். திரைப்பாட்டை மேலே ஏற்றவும் வேண்டாம், மேளமும் தெருவின் இரைச்சலும் இருந்தபடியே கேட்கட்டும். வெறும் நடையை அவர் எவ்வளவு சுருக்கினாலும் குறையில்லை. மரத்தடியில் உங்கள் தம்பி நின்ற அந்த நான்கு நிமிடத்தை மட்டும் முழுதாக விடச் சொல்லுங்கள்.